முதல் பந்தி வங்கிக்கு

கிரகப்பிரவேசத்துக்கு மாமன், மச்சான், மேஸ்திரி எல்லாரையும் அழைக்கிறோம். வீட்டில் பெரும்பங்கு வைத்திருக்கும் வங்கியைத்தான் விட்டுவிடுகிறோம். மூலப் பத்திரம் அவர்களிடம், ஒட்டடை அடிக்கும் உரிமை நம்மிடம்.

50 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை ஏறக்குறைய 43,400 ரூபாய். முதல் மாதம் அதில் 35,417 ரூபாய் வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது எட்டாயிரத்துக்கும் குறைவு. கடைசியில் கூட்டிப் பார்த்தால் 1 கோடியே 4 லட்சம். கட்டியது ஒரு வீடு, விலை கொடுத்தது இரண்டுக்கு. இதே ஆள்தான் கோயம்பேட்டில் கொத்தமல்லிக் கட்டுக்கு இரண்டு ரூபாய் குறைக்கச் சொல்லிக் கால்மணி நேரம் நிற்கிறார்.

2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆக்கியது. வீட்டுக் கடன் வட்டியும் கூடவே ஏறியது. ஆனால் பலருக்குத் தவணைத்தொகை ஏறவில்லை. 'நல்ல வங்கி சார்!' என்றார்கள். ஏறியது ஆண்டுகள். ஓய்வு பெற்று, பேரனைப் பள்ளிக்கு அழைத்துப் போகும் வயதிலும் தவணை கூடவே நடந்து வரும்.

வரிச்சலுகை இருக்கிறதே என்பார்கள். புதிய வரிமுறையில் சொந்தக் குடியிருப்பு வீட்டுக்கு அதுவும் இல்லை.

ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் மேற்சொன்ன கடன் மூன்று ஆண்டுக்கு மேல் முன்னதாகவே முடியும். மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனுக்கு இதற்காக அபராதம் கிடையாது. வங்கி தானாக வந்து சொல்லாது. நீங்களே போய்க் கேளுங்கள்.