சந்தேகத்தின் பலன்

கொலைக் குற்றம் சாட்டப்பட்டவனுக்கு இந்த நாட்டில் சந்தேகத்தின் பலன் உண்டு. ஃபெயில் ஆனவனுக்குக் கிடையாது. நானாகச் சொல்லவில்லை. உத்தரப் பிரதேச ஆசிரியர் தேர்வு வழக்கில், 2017 டிசம்பரில், உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது: சந்தேகம் வந்தால் பலன் தேர்வு நடத்தியவருக்குத்தான், எழுதியவருக்கு அல்ல. மறுமதிப்பீட்டுக்கு உத்தரவிடுவதில் இரக்கத்துக்கும் வேலையில்லையாம். பேனா பிடித்துக் கோர்ட்டுக்குப் போகிறவனைவிடக் கத்தி பிடித்துப் போகிறவனுக்கு அங்கே மரியாதை கூடுதல்.

திருத்திய தாளைப் பார்க்கும் உரிமையே உனக்கில்லை என்று 1984இல் மகாராஷ்டிரக் கல்வி வாரியம் வழக்காடி ஜெயித்தது. பின்னர் தகவல் உரிமைச் சட்டத்தைக் கையில் பிடித்து வந்தவர்களுக்கு சி.பி.எஸ்.இ. சொன்ன பதில் இன்னும் அழகு. நம்பிக்கையின் பேரில் எங்களிடம் இருக்கும் ஆவணம், தர முடியாது என்றார்கள். யாரிடமிருந்து காக்கிறார்கள்? எழுதியவனிடமிருந்து! அவன் கையெழுத்து, அவன் மை, அவன் முதுகுவலி. அவனுக்கு மட்டும் ராணுவ ரகசியம். நல்லவேளை, 2011இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. திருத்தியவர் பெயரை மட்டும் மறைத்துக்கொள்ளலாம், அவருக்கு ஆபத்து வரக்கூடும் என்றது. தப்பாகக் கூட்டியவர் பத்திரமாக இருக்கட்டும். ஒரு வருஷம் போனவன் எப்படியோ போகட்டும்.

தகவல் உரிமைச் சட்டப்படி மனுவுக்கு 10 ரூபாய், பக்கத்துக்கு 2 ரூபாய். நாற்பது பக்கத் தாள் என்றால் 90 ரூபாயில் காரியம் முடியும். அண்ணா பல்கலைக்கழகம் நகலுக்கு மட்டும் 300 ரூபாய் வாங்கியது. மறுமதிப்பீட்டுக்கு மேலே 400. எடை குறைத்த கடைக்காரன், மறுபடி தராசில் வைக்கத் தனிக் கூலி கேட்கிறான். நாமும் சில்லறை தேடுகிறோம்.

2017 ஏப்ரல்–மே தேர்வுக்குப் பின் அந்தப் பல்கலைக்கழகத்தில் மறுமதிப்பீடு கேட்டவர்கள் 3 லட்சத்துக்கு மேல். அதில் தேறியவர்கள் 73 ஆயிரத்துக்கு மேல். காசு வாங்கிக்கொண்டு மார்க் போட்டார்கள் என்று 2018இல் லஞ்ச ஒழிப்புத் துறை வழக்குப் பதிந்தது. அது பொய் வழக்கென்றே வைத்துக்கொள்வோம். அப்படியானால் அந்த 73 ஆயிரம் பேரை முதல் தடவை ஃபெயிலாக்கிய மகான்கள் தாளைத் திருத்தினார்களா, விசிறிக்கொண்டார்களா? மெய்யென்றால் கேள்வியே வேண்டாம், விலைப்பட்டியலை ஒட்டிவிடலாம். எப்படிப் பார்த்தாலும் கட்டிய பணம் கட்டியதுதான்.

சரி, ரிட் போடுகிறான் ஒருவன். பல்கலைக்கழக வக்கீல் பதில் மனுவுக்கு நான்கு வாரம் கேட்பார். அப்புறம் இன்னொரு நான்கு வாரம். அதற்குள் அடுத்த செமஸ்டர் வந்துவிடும். வழக்கை நம்பி உட்கார முடியாதே, பயல் மறுபடி எழுதி பாஸாகித் தொலைப்பான். மனு பயனற்றுப் போனது என்று முடித்துவைப்பார்கள். அவனை ஃபெயிலாக்கிய மார்க் சரியா தப்பா என்று யாரும் சொல்லவே மாட்டார்கள். கேம்பஸ் இன்டர்வியூ படிவத்தில் 'ஹிஸ்டரி ஆஃப் அரியர் உண்டா?' என்றொரு கட்டம் இருக்கும். அதில் அவன் 'உண்டு' என்று எழுதவேண்டும்.