ஆறின கறிக்குத்தான் போர்வை

ஏ பேராண்டி, நீ வாட்ஸ்அப்பில அனுப்பின போட்டோ வந்துச்சு. கண்மாய்க் கரை உடைஞ்சு தண்ணி வெளியேறுத மாதிரி இருந்துச்சு. ஊர்ல மழை கூட இல்லையே, எந்தக் கண்மாய்டான்னு நான் யோசிச்சுக்கிட்டு இருக்கையில, உங்க ஆச்சி கண்ணாடியப் போட்டுப் பாத்துட்டு, "பயல் என்னமோ சமைச்சிருக்கான்"னு சொன்னா. அப்புறந்தான் எனக்கு மூச்சு வந்துச்சு.

வார சனிக்கிழமை ஆபீஸ்காரங்க அஞ்சாறு பேரக் கூப்பிட்டிருக்கயாமே, மாவுக்குள்ள கறிய வச்சுச் சுடுத அதே லிஹாமுரேக்கேபீராஸ மறுபடி செய்யப் போறயாமே. செய். பின்லாந்துக்காரன் சாப்பாட்ட பின்லாந்துக்காரனுக்கே ஆக்கிப் போடுததுக்கு நெஞ்சழுத்தம் வேணும், அது நம்ம வம்சத்துல எல்லாருக்கும் உண்டு. கைப்பக்குவம் மட்டும் ஒரு தலைமுறை விட்டு ஒரு தலைமுறைக்குத்தான் வரும் போல.

கரை மறுபடியும் உடையணும்னா வழி ரொம்பச் சுலுவு. கறிய அடுப்புல இருந்து இறக்கினயா, ஆவி பறக்கப் பறக்க மாவுத் தகட்டு மேல கொட்டு. கொட்டின உடனே மேல் தகட்டப் போட்டு மூடு. மூடின இடத்த அழுத்தாத, பாவம், மாவுக்கு வலிக்கும். ஆவி போக ஓட்டை போடாத, அழகு கெட்டுரும். அடுப்புச் சூடேறும் முன்னாலயே உள்ள தள்ளு, அந்த நேரத்த மிச்சப்படுத்தி போன நோண்டலாம்லா. வெளிய எடுத்த நிமிசமே கத்தியப் போடு. அப்புறம் போட்டோ எடு. எல்லாம் போன தடவை செஞ்சதுதான, உனக்குப் புதுசாச் சொல்லித்தர ஒண்ணுமில்ல.

இந்தக் கிழவனுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்னு உன் மூஞ்சி போற போக்கு இங்கருந்தே தெரியுது. போன கோடையில லப்பேன்ரான்டாவுல உன் வீட்டுல வந்து கெடந்தேன்லா, ராத்திரி பத்து மணிக்கும் வெயில் அடிக்குத ஊர்ல தூக்கம் எங்க வரும்? நீ லேப்டாப்பக் கட்டிக்கிட்டு இருந்த நேரம் பூரா நான் கீழ் வீட்டு அம்மா அடுப்படியிலதான் நின்னேன். அவுகளுக்குத் தமிழ் தெரியாது, எனக்கு அவுக பாஷை தெரியாது. அதனால சண்டையே வரல. கை செஞ்சதக் கண்ணால பாத்துக்கிட்டேன், மிச்சத்த உன் பொண்டாட்டி எடுத்துச் சொன்னா. அவ பின்னிஷ் வகுப்புக்கு ஒழுங்காப் போறா. நீ போறேன்னு மட்டும் சொல்லுத.

அந்த அம்மாவோட ஆத்தா கரேலியாவுல பொறந்தவுகளாம். உன் வீட்டுக்குக் கெழக்க கூப்பிடு தூரத்துல ருசியா எல்லை இருக்குல்லா, அதுக்கு அங்கிட்டு. 1940-லயும் மறுபடி 1944-லயும் சண்டையில அந்தச் சீமை கைய விட்டுப் போக, நாலு லட்சத்துக்கு மேல சனம் வீடு வாசல் விட்டு இந்தப் பக்கம் வந்துருச்சு. அவுகளோட கூடவே மாவுக்குள்ள எதையாவது வச்சுச் சுட்டுத் திங்குத பழக்கமும் நாடு பூரா நடந்து வந்துச்சு. அதுக்கு முன்னால மேக்க இருக்கவனுக்கு அவ்வளவா இந்தச் சோலி கெடையாது. அவன் வருசத்துக்கு ரெண்டொரு தடவை மொத்தமா கம்பு ரொட்டி சுட்டு, நடுவுல ஓட்டை போட்டு, கூரைக்குக் கீழ கழியில கோத்துத் தொங்கவிட்டுருவான். நம்ம ஊர்க் கம்பு இல்ல, அந்தக் குளிர்ல வெளையுத ரை தானியம். மாசக்கணக்கா அது பாட்டுக்குக் காஞ்சுக்கிட்டு கெடக்கும், கடிக்குதவன் பல்லு பத்திரம். கெழக்க இருக்கவன் வீட்டுலயோ பெரிய மண்ணடுப்ப வாரந்தவறாம மூட்டுவாக. சூடு உச்சத்துல இருக்கப்ப ரொட்டியும் பொதி பலகாரமும், அது தணியத் தணியக் கஞ்சி, ராத்திரிக்குக் கறிச் சட்டிய உள்ள தள்ளிட்டுப் படுத்துருவாக. ஒரு தடவை மூட்டின தீயில வீடு பூராச் சாப்பாடு. நீ அரை ரொட்டிய வாட்ட மூணு மிசினு வச்சிருக்க.

சந்தைத் திடல்ல நீ வாங்கிக் குடுத்தயே, எண்ணெயில பொரிச்ச கறிப் பையக் கீறி உள்ள ஹாமும் முட்டையும் செருகின அந்த 'வெத்யு', அது வேற சங்கதி. உங்க ஊர்ப் பெருமைதான், இல்லங்கல. நின்னுக்கிட்டே தின்னுட்டு சட்டையில தொடச்சிக்கிடலாம். லிஹாமுரேக்கேபீராஸ் அப்படி இல்ல. அது விருந்தாடி வாரப்ப மேசைக்கு நடுவுல பலகையில வச்சு, ஆளாளுக்குத் துண்டு போட்டுக் குடுக்குத பண்டம்.

மாவுல இருந்து வாரேன். மைதா 300 கிராமுக்குக் கொஞ்சம் கம்மி, வெண்ணெய் 170 கிராம், ஒரு முட்டை, அரைக் கப் புளிச்ச க்ரீம், உப்பு. வெண்ணெய் ஐஸ் பெட்டியில இருந்து அப்பத்தான் எடுத்ததா இருக்கணும். துண்டு துண்டா வெட்டி மாவுல போட்டு விரல் நுனியால நெமிண்டு, பொடிச்ச ரொட்டித் தூள் பதத்துக்குக் கொண்டு வரணும். கையோட சூட்டுல வெண்ணெய் உருகிட்டா சோலி முடிஞ்சது. வருசத்துல பாதி நாளு வாசல்ல ஐஸ் கட்டிக் கெடக்குத தேசத்துல இருந்துக்கிட்டு வெண்ணெய உருக விட்டவன் நீ ஒருத்தனாத்தான் இருப்ப.

முட்டையையும் க்ரீமையும் அடிச்சு ஊத்தி, ஒண்ணா ஒட்டுத வரைக்கும் பெசஞ்சு உருட்டி வச்சிரு. அதோட கைய எடுத்துரு. நீ கோயில்பட்டியில பரோட்டாக் கடை வாசல்ல நின்னு வளந்த பய, மாவக் கண்டா ஓங்கி அடிச்சு இழுக்கணும்னு கை துறுதுறுங்கும். பரோட்டாவுக்கு மாவு சவ்வு மாதிரி இழுபடணும், அதுக்குத்தான் அந்த அடி. இதுக்கு இழுபடவே கூடாது. க்ரீமோட புளிப்பும் கொழுப்பும் சேந்து அந்தச் சவ்வு பிடிக்காமப் பாத்துக்கிடும், வெந்த பெறகு வாயில போட்டா உதுரும். நீ அடிச்சா அது செய்யுத வேலையக் கெடுத்த மாதிரி.

க்ரீம் வாங்கப் போற இடத்துலயும் உன்னைய நம்ப முடியாது. தொப்பை பாத்து கொழுப்புக் கம்மியான டப்பாவ எடுத்துட்டு வருவ. ஸ்மேதனான்னு கேளு, அதுல கொழுப்பு 40 சதவீதத்துக்குப் பக்கம் இருக்கும். 1809-ல இருந்து 1917 வரைக்கும் ருசியா ராசா கையில இருந்த தேசம் அது, அவுக போகையில இந்த ஸ்மேதனாவ மட்டும் யாரும் திருப்பிக் குடுக்கல. தொப்பைய வேற நாள்ல பாத்துக்கிடலாம்.

உருட்டின மாவ மூடி ஒரு மணி நேரம் ஐஸ் பெட்டியில வச்சிரு. ஒரு மணி நேரம்னா ஒரு மணி நேரம். சும்மா இருக்க முடியலன்னா கீழ சௌனா ஆவி அறையில போய் உக்காரு, யுனெஸ்கோ 2020-ல பாரம்பரியப் பட்டியல்ல சேத்த பெருமை அதுக்கு. மாவு குளிரட்டும், நீ வேகு. தலைகீழா ரெண்டையும் செஞ்சதுதான் போன வாரத்துக் கூத்து.

அடுத்தது கறி. கடையில மாடும் பன்னியும் கலந்து அரைச்ச கொத்துக்கறி டப்பாவுல கெடைக்கும். உங்க ஆச்சி கொல்லைக்குப் போயிருக்கா, அதனால தைரியமாச் சொல்லுதேன். ரெண்டும் ஆகாதுன்னா ஆட்டுக்கறியும் கன்னுக்கறியும் கூடப் போடலாம், கையில கெடைக்குதத வச்சுச் செய்யுததுக்கு இதுல தடையில்ல. ஒண்ணேகால் கிலோவுக்குக் கொஞ்சம் மேல இருந்தா மேசை நெறையும். அகலச் சட்டியில வெண்ணெய் போட்டு, பொடியா நறுக்கின காளான முதல்ல வதக்கு. அப்புறம் கறியப் போட்டு செவப்பு மாறுத வரைக்கும் கிண்டு. இங்கதான் கவனம். செவப்பு மாறினா வெந்துருச்சுன்னு எறக்கிராத. அடியில தண்ணி நிக்கும் பாரு, காளானும் விடும், கறியும் விடும். அது பூரா வத்தி, சட்டி 'சொர்ர்'னு சத்தம் மாறி, வெண்ணெய் மட்டும் மினுங்கணும். அந்தத் தண்ணிதான் உன் போட்டோவுல ஓடினது. பச்சைக் கறியா உள்ள வச்சாலும் இதே கதைதான்: வேக வேகக் கறி சுருங்கும், தண்ணி கீழ எறங்கி அடி மாவு களியாப் போகும், மேல கூரைக்கும் கறிக்கும் நடுவுல எலி ஓடுதளவுக்குச் சந்து விழும்.

காளானக் கடையில வாங்கு. காடு எவன் சொத்தா இருந்தாலும் புகுந்து பழமும் காளானும் பறிக்கலாம்னு அங்க உரிமை இருக்கு, நல்ல விசயந்தான். அதுக்காக நீ புகுந்துராத. மூளை மாதிரி மடிப்பு மடிப்பா ஒண்ணு மொளைக்கும், கோர்வாசியேனின்னு பேரு. ரெண்டு தடவை தண்ணி மாத்திக் கொதிக்க வச்சு வடிச்சாத்தான் விசம் எறங்கும், சந்தையில விக்கையிலயே எச்சரிக்கைச் சீட்டோடதான் விப்பாக. நீ சோத்துக்கே கஞ்சிய ஒழுங்கா வடிக்க மாட்ட.

கறி வத்தின பெறகு பெரிய ஏனத்துல கொட்டி ஆற விடு. வெரல விட்டா சுடக் கூடாதுங்கதோட நிக்காத, குளுகுளுன்னு இருக்கணும். சூடான கறிய வச்சா, அடுப்புக்குள்ள போகும் முன்னாலயே மாவுல இருக்க வெண்ணெய் உருகி ஓடிரும். அப்புறம் மாவு செருப்புத் தோலுதான். ஆறினதுல நறுக்கின வெங்காயம், பார்ஸ்லி, துருவின சீஸ் ஒரு கப், பால் அரைக் கப், உப்பு, மெளகு சேத்துப் பெசஞ்சிரு. சீஸும் பாலும் எதுக்குன்னா, வத்தின கறி உதிரியாக் கெடக்கும், அதப் பிடிச்சு நிறுத்தணும்.

கரம் மசாலா டப்பாவத் தொடுதது தெரியுது. கைய எடு. பின்லாந்துக்காரன் பெரிய தைரியமாப் போடுததே மிஞ்சினா கொஞ்சம் ஆல்ஸ்பைஸ்தான். நீ மல்லியும் சோம்பும் தட்டிப் போட்டயின்னா அது நம்ம பஸ் ஸ்டாண்டு பேக்கரி பஃப்ஸு. அது நல்லாருக்கும், மறுக்கல. ஆனா அதுக்கு எதுக்கு பின்னிஷ் பேரு? பச்சை மொளகா மட்டும் ரெண்டு கீறி உன் தட்டு ஓரத்துல ஒளிச்சு வச்சுக்கோ. விருந்தாடி அது என்னன்னு கேட்டா பீன்ஸுன்னு சொல்லிராத, கடிச்சுத் தொலைப்பான்.

மாவ ரெண்டாப் பிரிச்சு, ஒரு சாண் அகலம் முக்கால் முழ நீளத்துக்கு ரெண்டு தகடாத் தேச்சுக்கோ. ஒண்ணத் தட்டுல விரிச்சு, கறிய நடுவுல நீளவாக்குல குவிச்சு, ஓரத்துல இடம் விட்டுக் கையால அழுத்தி உருளையா ஒழுங்கு பண்ணு. ரெண்டாவது தகட்ட மேல போத்தி, ஓரத்த முட்டை தொட்டு ஒட்டி, முள்கரண்டியால சுத்தி அழுத்திட்டு வா. வெட்டின மிச்ச மாவ நாடா நாடா வெட்டி மேல குறுக்கும் நெடுக்கும் ஒட்டுவாக, இலை மாதிரி வெட்டியும் ஒட்டுவாக. உன் பேரை மட்டும் ஒட்டிராத. அங்கங்க குத்தி ஆவிக்கு வழி விட்டு, முட்டையும் பாலும் அடிச்சு மேல பூசி, 190 டிகிரி ஏறி நிக்குத அடுப்புல முக்கா மணி நேரம். உள்ள கறி ஏற்கனவே வெந்தது. வேக வேண்டியது மாவுதான், அதனால நிறத்த மட்டும் பாரு. கதவத் தொறந்து தொறந்து பாக்காத, அதுக்குக் கண்ணாடி போட்டிருக்கான்.

வெளிய எடுத்து கால் மணி நேரமாச்சும் விட்டுரு. விருந்தாடி சொன்ன நேரத்துக்குச் சரியா வந்து செருப்பக் கழட்டிட்டு உக்காந்திருப்பாக, அந்தத் தேசத்துல நேரந் தப்புதது நீ ஒருத்தந்தான். காப்பியக் குடுத்து உக்கார வை. அவுக சும்மா இருந்தா கோவம்னு நெனைக்காத. நீ பேசி நெரப்பாத.

வெட்டப் பல்லு வச்ச ரொட்டிக் கத்தி. ஒரு விரக்கடை கனத்துல துண்டு போட்டு, பக்கத்துல குளுந்த ஸ்மேதனா ஒரு கரண்டி, லிங்கன்பெர்ரி ஒரு கரண்டி. அந்தச் செவப்புப் பழம் புளிப்பும் கசப்புமா இருக்கும், இவ்வளவு கொழுப்பையும் அதுதான் தொண்டையில எறக்கும். அதுலயே தன்னால பென்சாயிக் அமிலம் இருக்கதால சீனி போடாம நசுக்கி வச்சாலும் குளிர்காலம் பூராக் கெடாதாம். கீழ் வீட்டு அம்மா ஒரு வாளி வச்சிருந்தாக. போய்க் கேளு, குடுப்பாக. கேக்கையில நீயே பின்னிஷ்ல கேளு, பொண்டாட்டிய முன்னால தள்ளாத.

ரெண்டு ஓரத்துத் துண்டும் கறி கம்மி, மாவு சாஸ்தி, மொறுமொறுன்னு இருக்கும். அத விருந்தாடிக்கு வைக்குதது மரியாதை இல்லன்னு சொல்லி அடுப்படியிலயே தின்னுரு, நானும் அப்படித்தான் தின்னேன். ஒண்ண உன் பொண்டாட்டிக்குக் குடு. மத்தபடி மிஞ்சினா மறுநா காலையில சூடு பண்ணாம அப்படியே காப்பியோட தின்னு பாரு. இந்தத் தடவ போட்டோவ வெட்டுததுக்கு முன்னாலயே எடுத்து அனுப்பு, ஆச்சி கண்ணாடியத் தேடிக்கிட்டு இருக்கா.