தேனீயும் சிப்பாயும்

கேள்வி: பாளையங்கோட்டையின் பெயர் தாங்கிய பட்டாளம் ஒன்று, முதல் உலக யுத்தத்தில் தேனீக்களுக்கு அஞ்சி ஓடியதாமே? நம் ஊருக்கு இது மானக்கேடு அல்லவா?
— வாசகர் ஒருவர், முருகன்குறிச்சி

பதில்: மானம் போனது உண்மையானால், அது சிப்பாயினுடையதன்று, அவனை அனுப்பிய சேனாதிபதியினுடையது. 1914 நவம்பரில் கிழக்காப்பிரிக்காவின் டாங்கா துறைமுகத்தில் இறங்கிய 63-ஆம் பாளையங்கோட்டை இலகு காலாட்படை, வாரக்கணக்கில் கப்பலில் ஆடி அலைந்து, மொம்பாசாவில் ஒரு நாளேனும் தரையில் இளைப்பாற அனுமதியின்றி, நேரே இயந்திரத் துப்பாக்கிகளின் எதிரே நிறுத்தப்பட்டது. எதிரிகளான ஜெர்மானியப் படையினரோ ரயில் பாதைக்கென வெட்டிய பள்ளத்தையே அகழியாகக் கொண்டு, அதற்குள் சௌகரியமாக அமர்ந்திருந்தார்கள். தாக்க வந்தவர்கள் எல்லாப் பட்டாளங்களும் சேர்ந்து சுமார் 8,000 பேர், காத்து நின்றவர்கள் சுமார் 1,000 பேர். எனினும் வந்தவர்களில் 800-க்கு மேற்பட்டோர் மாண்டோ காயமுற்றோ வீழ்ந்தார்கள்.

தேனீக்களைப் பற்றிச் சொல்வதானால், வெடிச் சத்தத்தில் கலைந்த அவை, இந்தியன் என்றும் ஜெர்மானியன் என்றும் பேதம் பாராமல் கொட்டின. அந்தக் களத்தில் பக்ஷபாதமின்றி நடந்துகொண்டவை அவை மட்டுமே.

காயம் பட்டவனுக்காவது காட்டுவதற்குத் தழும்பு மிஞ்சியது. உயிர் தப்பியவனுக்கு மிஞ்சியதோ, எந்த வைத்தியராலும் அகற்ற முடியாத ‘ஓடியவன்’ என்ற பட்டம். தாமிரபரணிக் கரையில் மருத மர நிழலில் சாய்ந்துகொண்டு அவனைப் பரிகசிப்பது மிகவும் சுலபம், ஐயா. தலைக்கு மேலுள்ள தேன்கூடு கலையும் வரையில்!