டிஇசட் என்னும் மாறியும் தோட்டத்துப் பிறந்தநாளும்: ஓர் அரைமணி ஆய்வு

சூழல் மாறியாவது, நிரலுக்குள் எழுதாமல் நிரல் ஓடும் இடத்தில் எழுதிவைக்கும் மதிப்பு. இது 1979-இல் யூனிக்ஸ் ஏழாம் பதிப்போடு பிறந்தது என்பர். இக்கட்டுரையாளர் வன்மையாக மறுக்கிறார். பேராக் ரப்பர் தோட்டங்களில் அது அதற்கும் முந்தியது. பெரட்டு, அதாவது காலை ஆள்கணக்கு, எத்தனை மணிக்கு என்று எந்தப் பால்மரத்திலும் எழுதியிருக்கவில்லை. ஆபீஸ் கடிகாரத்தில் இருந்தது. அதன் முள்ளைத் திருப்பினால் போதும். பால்வெட்டும் கத்தியையோ பால் பிடிக்கும் மங்கையோ தொடாமலே தோட்டம் முழுக்க வேறு நேரத்துக்கு ஓடும்.

திருப்பவும் திருப்பினார்கள். 1905-இல் மலாயா கிரீன்விச்சுக்கு ஏழு மணி முன்னால். பிறகு ஏழே இருபது. 1941 செப்டம்பரில் ஏழரை. ஜப்பான்காரன் வந்ததும் தோக்கியோ நேரம், ஒன்பது. போனதும் மறுபடி ஏழரை. 1981 டிசம்பர் 31 இரவு 11:30 மணியை நள்ளிரவாக்கி, சபா சரவாக்கோடு ஒத்துப்போக எட்டாக்கினார்கள். ஈப்போவின் தீர்க்கரேகைக்கு நியாயமானது ஆறே முக்கால்தான். இந்த ஒன்றேகால் மணி வித்தியாசத்தை மரத்துக்கு யாரும் சுற்றறிக்கை அனுப்பவில்லை. விடியற்காலைக் குளிரில்தான் அது நன்றாகப் பால் விடும், எந்த ஆட்சியானாலும்.

இனி, ஈப்போவில் அடுத்தடுத்து இரண்டு மேசைகள் என்று கொள்க. கணினிக்கு நேரமண்டலத்தைச் சொல்லும் சூழல் மாறி டிஇசட். ஒரு மடிக்கணினியில், சூழல் மாறிகளை எழுதிவைக்கும் டாட் என்வ் கோப்பில் டிஇசட்=எம்ஒய்டி-8. (கிழக்கு நாட்டுக்குக் கழித்தல் குறி. பாசிக்ஸ் என்னும் யூனிக்ஸ் தரநிலையின் விதி அது. காரணம் கேட்டு நிம்மதி அடைந்தவர் இல்லை.) மற்றதில் ஆசியா/கோலாலம்பூர். இன்றைய தேதிக்கு இரண்டும் ஒன்றே. ஆனால் முன்னதற்குச் சரித்திரம் கிடையாது, எக்காலத்துக்கும் எட்டுதான். சுங்கை சிப்புட் பக்கத்து லயத்தில் 1971 ஜனவரி 1 பிறந்தவரை முதல் மேசையில் நள்ளிரவு என்று பதிந்து, இரண்டாவதில் திறந்தால் 1970 டிசம்பர் 31, இரவு 11:30. பிறந்த ஆண்டே போயிற்று. சேமநிதி எடுக்கும் 55 வயது ஒரு நாள் முன்னதாக நிறைகிறது. அதில் அவருக்கு ஆட்சேபம் இராது. ஜாதகம் பார்ப்பவருக்கு இருக்கும்.

மற்ற மாறிகளுக்கு ஒரு வரி போதும்: கடவுச்சொல் உள்ள டாட் என்வ் கோப்பைக் கிட் (Git) களஞ்சியத்தில் ஏற்றாதீர், மதிப்பில்லாத மாதிரிக் கோப்பை ஏற்றுக.

எஞ்சிய சிக்கல் ஒன்றுண்டு. 1982-இல் மலேசியாவைப் பார்த்துத்தான் சிங்கப்பூரும் கடிகாரத்தைத் திருப்பியது. இன்று உலக நேரமண்டலத் தரவுத்தளத்தில் ஆசியா/கோலாலம்பூர் என்பது ஆசியா/சிங்கப்பூருக்கு வெறும் மறுபெயர். ஈப்போவுக்கு அதுகூட இல்லை.