அயிரை என்னும் சொல்லும் அதில் உள்ள மணலும்

தமிழ் மீன்களில் கயலுக்குக் கொடி கிடைத்தது. பாண்டியர்கள் அதை இணையாக வரைந்து காசிலும் முத்திரையிலும் பொறித்தார்கள். சேலும் கெண்டையும் பெண்களின் கண்களாகி, நூற்றாண்டுகளாகப் புலவர்களிடம் சம்பளமில்லாமல் வேலை பார்க்கின்றன. கெண்டைக்கு அதுவும் போதாதென்று மனிதக் காலின் பின்பக்கச் சதையையும் எழுதிக்கொடுத்திருக்கிறோம். அயிரைக்கு என்ன கொடுத்தோம்? புளியும் மிளகாயும். அயிரையைக் கண்ணுக்கு உவமை சொன்ன புலவர் ஒருவரையும் நான் இதுவரை படித்ததில்லை. அங்கயற்கண்ணி ஆளும் மதுரையிலேயே கயல் கோயிலுக்கு, அயிரை மெஸ்ஸுக்கு என்று பாகப்பிரிவினை முடிந்துவிட்டது.

இந்த அநீதியைத் துடைப்பதே இவ்வாய்வின் நோக்கம். ஆய்வுக்களம் ஒரு மீன் சந்தை, ஒரு மெஸ், ஒரு மாமியார் வீட்டு அடுப்படி. நிதி நல்கியது என் சட்டைப்பை. நெறியாளர் என் அத்தை. அவர் நான்கு முறை ஆய்வாளரை அடுப்படியிலிருந்து வெளியேற்றினார்.

முதலில் ஆய்வுப் பொருள். அயிரை, ஆள்காட்டி விரலுக்கு மேல் வளராத நன்னீர் மீன். உடம்பு மணல் நிறம், அதன்மேல் கரும்புள்ளிகள். வாயைச் சுற்றிச் சிறு மீசைகள். கண்ணுக்குக் கீழே, வேண்டும்போது நிமிர்த்திக்கொள்ளும் ஒரு முள். நீரில் காற்று குறைந்தால் மேலே வந்து வாயால் காற்றை விழுங்கிக் குடலால் மூச்சுவிடும் திறமை இந்தக் குடும்பத்துக்கு உண்டு. மெஸ்ஸில் இரண்டாம் முறை சோறு வாங்கியவர்களுக்கு இந்தத் திறமையின் அருமை புரியும். ஆள் நடமாட்டம் தெரிந்தால் தலைகுப்புற மணலுக்குள் புகுந்துவிடும். மணலை வாயில் அள்ளி, இரையை வைத்துக்கொண்டு மிச்சத்தைச் செவுள் வழியே விட்டுவிடும். மிச்சம் முழுவதையும் விடுவதில்லை என்பதிலிருந்துதான் இவ்வாய்வின் எல்லாச் சிக்கல்களும் தொடங்குகின்றன.

இனிச் சொல். உணவக விளம்பரப் பலகைகளில் அயிரை, அயிர, ஐரை, ஐர என நான்கு பாடபேதங்கள் கிடைக்கின்றன. ஒரே கடையில் பலகையில் ஒன்றும் விலைப்பட்டியலில் ஒன்றுமாகக் கண்டதும் உண்டு. மூலபாடம் அயிரைதான் என்பதில் கருத்து வேறுபாடில்லை. பொருளில்தான் சண்டை.

மெஸ்ஸில் என் எதிரே உட்கார்ந்திருந்த பெரியவர் ஒருவர், இது 'ஆயிரம்' என்ற சொல்லின் குறுக்கம் என்று அடித்துச் சொன்னார். கிலோ ஆயிரத்தைத் தாண்டி விற்பதால் அந்தப் பெயராம். விலையேற்றத்துக்கு முன்பே பெயர் இருந்ததே என்று கேட்டேன். "அப்பவே தெரிஞ்சு வச்சிருக்காங்க தம்பி" என்றார். இந்த வாதத்தை மறுக்க என்னிடம் சான்று இல்லை. பந்தியில் இடமும் இல்லை.

அகராதியைத் திறந்தால் அயிரைக்கு மேல்வீட்டில் 'அயிர்' குடியிருக்கிறது. நுண்மணல் என்பது அதன் பொருள். கண்டசர்க்கரைக்கும் அதே பெயர். மணம் கமழப் புகைக்கும் பொருள் ஒன்றுக்கும் அதே பெயர். நொய்யான துகள் எல்லாவற்றுக்கும் பழந்தமிழர் ஒரே சொல்லால் வேலையை முடித்திருக்கிறார்கள். பக்கத்து வீட்டில் 'அயிர்த்தல்' என்ற வினை இருக்கிறது. அதன் பொருள் ஐயப்படுதல். அயிர்ப்பு என்றால் ஐயம்.

இங்கேதான் என் கருதுகோள் பிறந்தது. மணலில் வாழ்ந்து, மணல் நிறம் கொண்டு, மணலையே வாயில் வைத்திருக்கும் மீனுக்கு அயிரை என்று பெயர் வந்ததில் வியப்பில்லை. ஆனால் தட்டுக்கு வந்த அயிரையை முதல் கடி கடிக்கும்போது பல் ஒரு கணம் தயங்குகிறதே, அந்தத் தயக்கம்தான் அயிர்ப்பு. மணலும் ஐயமும் ஒரே வேரில் நின்றதற்கு அகராதிக்காரர்கள் காரணம் சொல்லவில்லை. அவர்கள் குழம்பில் தேடவில்லை.

இலக்கியச் சான்றுகளுக்கு வருவோம். குறுந்தொகையில் இந்த மீன் மூன்று இடத்திலாவது வருகிறது. 128ஆம் பாட்டு பரணருடையது. பறக்க வலுவிழந்த கிழ நாரை ஒன்று கீழைக் கடற்கரையில் நிற்கிறது. அதற்கு வேண்டிய அயிரையோ மேலைக் கடற்கரையில், சேரனுடைய தொண்டித் துறையில் இருக்கிறது. நடுவில் ஒரு முழு நிலப்பரப்பு. நாரை கழுத்தை மட்டும் எட்டி நீட்டுகிறது. எட்டாத பெண்ணை விரும்பிய நெஞ்சுக்குத் தலைவன் சொல்லும் உவமை இது என்று உரைகள் கூறும். உரைகளோடு எனக்குப் பிணக்கில்லை. ஆனால் கீழைக் கடற்கரையில் உள்ள சென்னையில் வேலை பார்க்கும் எந்த மதுரைக்காரரையாவது மாலை ஏழு மணிக்குப் பாருங்கள். தலைவியைச் சேர்க்காமலே பாட்டு பொருந்தும்.

166ஆம் பாட்டில் கூடலூர் கிழார், அலை பெயர்ந்ததால் இடம் மாறிய நாரைக் கூட்டம் மரந்தை என்ற ஊரில் அயிரை தின்பதைச் சொல்கிறார். 178ஆம் பாட்டில்தான் நெடும்பல்லியத்தை அயிரையை அதன் சொந்த வீட்டில், குளிர்ந்த பழனத்தில், ஆம்பலோடு சேர்த்து வைக்கிறார். கவனிக்க வேண்டும்: மூன்றில் இரண்டு பாட்டு கடற்கரையில் நடக்கிறது. நன்னீர் மீனுக்குக் கடற்கரையில் என்ன வேலை? கழிமுகத்தில் ஆற்றுநீர் கலக்கும் இடமாக இருக்கலாம் என்று சமாதானம் சொல்லலாம். அல்லது அந்தக் காலத்து நெய்தலில் அயிரை என்ற பெயர் வேறொரு பொடிமீனுக்கும் வழங்கியிருக்கலாம். பரணர் பாடியது நாரையின் பசியை. மீனின் உப்புத்தன்மையை அவர் சோதித்திருக்க வாய்ப்பில்லை.

இந்தக் குழப்பத்தில் 'அயிலை' வேறு குறுக்கே வருகிறது. அகநானூறு 60இல் நெய்தல் நிலத்துச் சிறுமி வெண்சோற்றில் அயிலை இட்ட புளிக்குழம்பை ஊற்றித் தருகிறாள். இதைக் காட்டி "சங்ககாலத்திலேயே அயிரை மீன் குழம்பு" என்று மெஸ் வாசலில் எழுதி வைக்க ஆசைப்படுவோர் அவசரப்பட வேண்டாம். அயிலை கடல்மீன். மலையாளத்தில் இன்றைக்கும் அயில என்றால் கானாங்கெளுத்தி. ஒரு ரகரம் லகரமானால் ஆறு கடலாகிவிடும். ஆனால் புளி அன்றே இருந்தது என்பது நிரூபணமாகிறது. ஆய்வாளருக்கு அது போதும்.

அடுத்தது மலை. பதிற்றுப்பத்தில் அயிரை என்பது சேரநாட்டு மலையின் பெயர். அங்கே கொற்றவைக்கு வழிபாடு. பழனிக்கு அருகில் உள்ள ஐவர்மலையே அந்த அயிரை மலை என்று சொல்வோர் உண்டு. அங்கே சமண முனிவர்கள் தங்கியிருந்தார்கள். பாறையில் தீர்த்தங்கரர் உருவங்கள் வரிசையாக இருக்கின்றன. சக ஆண்டு 792, அதாவது பொது ஆண்டு 870இல் வெட்டிய கல்வெட்டு ஒன்று அந்த இடத்தைத் 'திருவயிரை' என்கிறது. பார்சுவநாதர், இயக்கியர் உருவங்களைப் புதுப்பித்து 505 காணம் பொன் வைத்த செய்தி அதில் இருக்கிறது. வரகுண பாண்டியனின் எட்டாம் ஆட்சியாண்டு என்ற குறிப்பும் இருப்பதால், அவன் 862இல் அரியணை ஏறினான் என்று வரலாற்றாசிரியர்கள் கணக்கிட்டார்கள். பாண்டியர் காலவரிசையே இந்தக் கல்லைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது.

எனக்கு அதைவிட முக்கியமானது 'திரு'. கொடி பெற்ற கயலுக்கோ கண்ணான கெண்டைக்கோ இப்படி ஓர் அடைமொழி கிடைத்ததாக நான் அறியேன். அதிலும் உயிர்க்கொலையை அறவே ஒதுக்கிய துறவிகளின் குன்றுக்கு, உயிரோடு வாங்கி உப்பில் உரசப்படும் மீனின் பெயர் அமைந்திருக்கிறது. மலைக்கும் மீனுக்கும் உறவு ஏதுமில்லாமல் ஒலி மட்டும் ஒத்துப்போயிருக்கலாம். அப்படி நினைப்பவர்கள் வேறு கட்டுரை எழுதிக்கொள்ளட்டும்.

அறிவியல் பெயரைச் சொல்ல வேண்டும். 1846இல் பிரெஞ்சு மீனியலாளர் வலென்சியென் இதைப் பதிவு செய்தார். இன்றைய முழுப்பெயர் லெபிடோசெபாலிக்திஸ் தெர்மாலிஸ். தமிழெழுத்தில் எண்ணினால் பதினான்கு. அயிரைக்கு மூன்று. முதற்சொல்லுக்குத் தலையில் செதிலுள்ள மீன் என்று பொருள். இரண்டாவது சொல்தான் என்னைத் தூங்கவிடவில்லை: தெர்மாலிஸ் என்றால் வெம்மைக்குரியது. காரணம் எளிது. அவருக்குக் கிடைத்த மீன்கள் இலங்கையில் திருகோணமலைக்கு அருகே, கன்னியா வெந்நீர் ஊற்றுகளில் பிடிக்கப்பட்டவை. தாயின் ஈமக்கடனுக்காக இராவணன் உண்டாக்கியதாகக் கதை வழங்கும் அதே ஏழு கிணறுகள் உள்ள இடம். குளிர்ந்த வயல்களிலும் வாய்க்கால்களிலும் கோடிக்கணக்கில் திரிந்த மீனை அறிவியல் முதன்முதலில் வெந்நீரில் சந்தித்தது. நாமும் அங்கேதான் சந்திக்கிறோம். சிங்களத்தில் இதை எஹிராவா என்பார்கள். அயிரையை மதுரையில் சிலர் அசரை என்பதையும் சேர்த்து வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள், காது தானாகத் தலையாட்டும்.

இனிக் களப்பணி. பாத்திரத் தண்ணீரில் நெளிந்துகொண்டிருந்த மீன்களை மாதிரி எடுப்பதற்காக ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டிருந்தேன்.

"அண்ணே, வாங்குறதுன்னா வாங்குங்க. எண்ணாதீங்க, கண்ணு பட்டுரும்" என்றார் மீன்காரம்மா.

ஆட்டுக்கறி விலையைத் தாண்டிச் சொன்னார். அயிரை விட்டு வரால் பிடிப்பது என்று பழமொழி இருக்கிறதே, சின்னதைக் கொடுத்துப் பெரியதை வாங்குவது. அந்தப் பழமொழி கேட்ட விலையில் அன்றே காலாவதியாகிவிட்டது. பக்கத்துத் தட்டில் வரால் மலிவாகக் கிடந்தது. இன்றைய நிலவரப்படி புத்தியுள்ளவன் வராலை விட்டு அயிரை பிடிக்க வேண்டும், வரால் உடன்பட்டால்.

வீட்டில் சோதனை. உயிருள்ள அயிரையைப் பாலில் விட்டால் தின்ற மண்ணைக் கக்கிவிடும் என்பது ஒரு பள்ளி. கல்லுப்புப் போட்டுச் சொரசொரப்பான மண்சட்டியில் உரசி, நாலைந்து தண்ணீர் மாற்றினால் போதும் என்பது மறுபள்ளி. ஜப்பானியர்கள் இதன் உறவுக்கார மீனை அரிசிச் சாராயத்தில் ஊறவிட்டுச் சமைப்பார்கள். அந்தப் பள்ளியை முன்மொழிந்ததற்காகத்தான் முதல்முறை வெளியேற்றப்பட்டேன். மீனை இரண்டு பங்காக்கி, ஒன்றைப் பாலிலும் மற்றதைத் தண்ணீரிலும் விட்டேன். முடிவு: இரண்டிலும் மணல் இருந்தது. பால் தீர்ந்துபோனதால் அன்று மாலை யாருக்கும் காபி இல்லை. இது இரண்டாம் வெளியேற்றம்.

"மாப்ள, சட்டிய இங்கிட்டுக் கொடுங்க" என்று வாங்கிக்கொண்டார் அத்தை.

கல்லுப்பை அள்ளிப் போட்டு, உள்ளங்கையால் மீனைச் சட்டியின் சுவரோடு வட்டமாக உரசினார். நுரை வந்தது, வழவழப்புப் போனது, தண்ணீர் கலங்கியது. அலசிக் கொட்டிவிட்டு மறுபடியும் உரசினார். ஆறாவது தண்ணீர் தெளிந்து நின்றது. சொல்லிலிருந்து மணலைப் பிரித்தெடுக்க எனக்கு மூன்று அகராதிகளும் ஒரு மாதமும் ஆயின. அவர் இருபது நிமிடத்தில் முடித்துவிட்டார்.

பிறகு நல்லெண்ணெயில் சின்ன வெங்காயம், அரைத்த மசாலா, கெட்டிப் புளி. கொதி வந்ததும் மீன். இரண்டு கொதியில் இறக்கிவிட வேண்டும். கரண்டி போடக் கூடாது, சட்டியைத்தான் துணிபோட்டுப் பிடித்து அசைக்க வேண்டும். தலை, முள், மீசை எதையும் கழிக்காமல் முழுசாகச் சாப்பிடலாம். அன்று பல்லில் மணல் படவில்லை. ஆய்வு நோக்கில் இது பெருந்தோல்வி.

மறுவாரம் மீன்காரம்மாவிடம் வைகை அயிரை இருக்கிறதா என்று கேட்டேன். "ஆத்துல மணல் ஏதுண்ணே, அயிரை இருக்க? இது கம்மா மீனு" என்றார். மேல்வீட்டில் இருந்த அயிரை லாரியில் ஏற்றிக் கொண்டுபோய்விட்டார்கள். கீழ்வீட்டு அயிரை கண்மாயில் ஒண்டுக்குடித்தனம் இருக்கிறது. சொற்பிறப்பியலை இவ்வளவு சுருக்கமாக எனக்கு யாரும் விளக்கியதில்லை.

ஒரு வேண்டுகோள். உரசி உரசி அத்தையின் சட்டி உட்புறம் வழுவழுவென்று தேய்ந்துவிட்டது, மீன் நழுவுகிறது. கடைகளில் இப்போது கிடைக்கும் மண்சட்டிகள் பார்வைக்குப் பளபளக்கின்றன, உரசலுக்கு ஆகவில்லை. வாசகர்கள் யார் வீட்டுப் பரணிலாவது பாட்டி காலத்துச் சொரசொரப்பான சட்டி கிடந்தால், அதைப் பூச்செடி வைக்கக் கொடுத்துவிட வேண்டாம். ஆய்வு தொடர்கிறது.