கழுத்தில் கத்தி, வீட்டில் இருட்டு

2008-ல் எங்கள் ஊரில் கரண்ட் எப்போது போகும் என்று யாருக்கும் தெரியாது. டிவியில் ‘கில்லி’ படம் ஓடும். மதுரையில் வில்லன் முத்துப்பாண்டியின் கழுத்தில் ஹீரோ வேலு கத்தியை வைப்பான். பட்டென்று வீடு இருண்டுவிடும். அம்மா பனையோலை விசிறியால் எங்களுக்கு வீசிக்கொண்டே மீதிக் கதையை ஆரம்பிப்பாள். “அக்கா, சொல்லாதீங்க, கரண்ட் வந்துரும்” என்று பக்கத்து வீட்டுச் சித்தி தடுப்பாள். கதை சித்திக்கும் மனப்பாடம்தான்.

இன்று அந்தப் படம் என் போனிலேயே இருக்கிறது. ஒரு தடவைகூட அதில் பார்த்ததில்லை. ஞாயிற்றுக்கிழமை டிவியில் போட்டால் மட்டும், அத்தனை விளம்பரத்தையும் பொறுத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறேன்.

2004-ல் தரணி எடுத்த படம். முந்தைய வருஷம் தெலுங்கில் வந்த ‘ஒக்கடு’தான் மூலம், இரண்டிலும் வில்லன் பிரகாஷ்ராஜ். பிள்ளையைக் கொஞ்சும் ‘செல்லம்’ என்ற சொல்லை வைத்தே மனுஷர் குலை நடுங்க வைத்துவிட்டார். வேலுவாக வரும் விஜய்யின் ஓட்டமும் கபடியும் பிடிக்கும்தான். ஆனால் என்னைக் கட்டிப்போடுவது அந்த வீடு. ஊரே தேடுகிற நாயகி தனலட்சுமியை வேலு தன் அறையிலேயே ஒளித்து வைத்திருக்கிறான். தேடுகிற போலீஸ் அதிகாரி அவனுடைய அப்பா. அவர் அதே வீட்டில்தான் சாப்பிடுகிறார், மகனைத் திட்டுகிறார். எல்லாவற்றையும் மோப்பம் பிடிக்கிற தங்கச்சி வேறு. அப்பாவுக்குத் தெரியாமல் எதையாவது ஒளித்து வைக்காத பிள்ளை உண்டா? அந்தப் படபடப்பு நம் வீட்டுப் படபடப்பு. அதனால்தான் எந்த இடத்தில் டிவியைப் போட்டாலும் கதைக்குள் நுழைந்துவிட முடிகிறது.

2024 ஏப்ரலில் படம் மறுபடி தியேட்டருக்கு வந்தபோது, அது முதலில் வந்த வருஷம் பிறந்தே இராத பிள்ளைகள் ‘அப்படிப் போடு’ பாட்டுக்குத் திரைக்கு முன்னால் ஆடினார்கள். வீட்டு டிவி வளர்த்த ரசிகர்கள் அவர்கள்.

போன வாரமும் போட்டார்கள். அம்மா முறத்தில் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். வேலுவின் அப்பா குரல் கேட்டதும் கை நின்றுவிட்டது. பாதி உருவிய காம்பு விரலிலேயே இருந்தது. “இப்போ பாரு, அந்தத் தங்கச்சிக்காரி...” என்று தொடங்கினாள்.

போனைக் கீழே வைத்துவிட்டு என் மகள் கத்தினாள்: “பாட்டி, சொல்லாதீங்க!”