எம்டனை நடத்தி வந்தவர்

கேள்வி: சென்னைமீது குண்டு வீசிய எம்டன் கப்பலின் தலைவர் சூரரா, கொடியவரா? பின்னர் அவர் கதி என்ன? (மயிலாப்பூர் வாசகர்)

பதில்: கல்யாண அழைப்புக்குக்கூட எளிதில் அசையாத மயிலாப்பூர்ப் பெரியவர்களை மூட்டை முடிச்சுடன் ஒரே நாளில் ரயிலேற வைத்த மனிதரைச் சூரர் அல்லர் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. 1891இல் ஜெர்மானியக் கடற்படையில் சேர்ந்து, படிப்படியாக உயர்ந்து, 1913இல் எம்டனின் தலைமையை ஏற்ற கார்ல் ஃபான் முல்லர், 1914 செப்டம்பர் 22 இரவு நம் துறைமுகத்தருகே வந்து பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்திவிட்டு மறைந்தார். உயிர்ச்சேதம் நேர்ந்தது, அதை நான் மறக்கச் சொல்லவில்லை. ஆயினும், பிடித்த வர்த்தகக் கப்பல்களை மூழ்கடிக்குமுன் அவற்றிலிருந்த மாலுமிகளையும் பிரயாணிகளையும் பத்திரமாக இறக்கிவிடும் தர்மத்தை அவர் கைவிடாததால், பகைவர் பத்திரிகைகளே அவரைப் புகழ்ந்தன என்பது சாமானிய விஷயமன்று. விடுதலைப் போராட்ட வீரர் செண்பகராமன் பிள்ளை அக்கப்பலில் வந்தார் என்ற கதை நமக்கு இனிக்கிறது, ஆதாரந்தான் இல்லை.

நவம்பர் 9 அன்று கோகோஸ் தீவுகளருகே ஆஸ்திரேலியக் கப்பலான சிட்னி எம்டனைச் சிதைக்கவே, முல்லர் மால்டாவிலும் இங்கிலாந்திலும் கைதியாயிருந்து, தாய்நாடு திரும்பி, தேக அசௌக்கியத்தால் 1919இல் ஓய்வு பெற்றார். தம் தோழர்களின் இரத்தத்தைக் காசாக்க மனமின்றி, சுயசரிதை எழுதவும் மறுத்துவிட்டார். என் மதிப்பில் அவருடைய மிகப் பெரிய வீரச் செயல் இதுவே. 1923இல், ஐம்பது வயது நிரம்புமுன் காலமானார். உயர் நீதிமன்றத்தின் கிழக்கு மதிற்சுவரில் குண்டு விழுந்த இடத்தைக் குறிக்கும் கல்வெட்டு இருக்கிறது. அவசியம் போய்ப் பாருங்கள்.